பதினோராவது கை

கணக்கு டீச்சரின் தூக்கத்தைப் பற்றி அவள் வீட்டில் ஒரு கேலி உண்டு. பேருந்தில் ஏறி உட்கார்ந்து டிக்கெட் வாங்குவதற்குள் அவளுக்குக் கண் சொருகிவிடும். இறங்க வேண்டிய நிறுத்தத்துக்கு அரை நிமிடம் முன்னால் யாரோ தட்டி எழுப்பியதுபோல விழித்துக்கொள்வாள். "கண்ணை மூடிக்கிட்டே டிரைவருக்கு வழி சொல்லுவா" என்பார் வீட்டுக்காரர். அவருக்குக் கண்ணாடிக் கடையில் லென்ஸ் தேய்க்கும் வேலை. ஊரார் பார்வையையெல்லாம் சரிசெய்கிறவன், வீட்டுக்கு வந்தால் மூடிய இமையைத்தான் பார்க்கவேண்டியிருக்கிறது என்று அலுத்துக்கொள்வார். அலுப்பெல்லாம் சும்மா பேச்சுக்கு.

உண்மையில் அவள் தூங்குகிறவள் அல்ல, மிதக்கிறவள். பத்தரை மணி வெயில் வகுப்பு ஜன்னல் வழியாகச் சாய்வாக இறங்கி, அதில் சாக்பீஸ் தூள் ஏறவும் மனமில்லாமல் இறங்கவும் மனமில்லாமல் நின்றுகொண்டிருந்தால் போதும், அவள் கிளம்பிவிடுவாள். ஐம்பத்திரண்டு பிள்ளைகள் பின்னத்தைப் பின்னத்தால் வகுத்துக்கொண்டிருக்கும் முணுமுணுப்புக்கு நடுவே, நின்றபடியே எங்கோ போய் வருவாள். போய் வந்தவள் நேராகத் தப்புப் போட்டவன் பக்கத்தில்தான் வந்து நிற்பாள். எட்டாவது 'சி' பிள்ளைகளுக்கு இது இன்றுவரை விளங்காத மர்மம்.

அப்படிப்பட்டவள் மீதுதான் ஒன்பது வருடமாக ஒரு வழக்கு நடந்துகொண்டிருந்தது. திருட்டு வழக்கல்ல, அடிதடி வழக்கல்ல. நீ வாத்தியார்தானா என்று கேட்கும் வழக்கு.

அரசுப் பள்ளிகளுக்குக் கணித ஆசிரியர்களை எடுத்தபோது, விளம்பரத்தில் 'கணிதத்தில் பட்டம்' என்று போட்டிருந்தார்கள். டீச்சரின் பட்டத்தில் 'பயன்பாட்டுக் கணிதம்' என்று இருந்தது. போட்டித் தேர்வில் நல்ல மதிப்பெண். சான்றிதழைச் சரிபார்த்தவர் முன்னும் பின்னும் புரட்டிவிட்டு, "கணிதம்னு இருக்குல்ல, போதும்" என்று முத்திரை குத்தினார். வேலைக்குச் சேர்ந்த ஆறாவது மாதம், பட்டியலில் அவளுக்குக் கீழே நின்றுபோன மூன்று பேர் நீதிமன்றம் போனார்கள். அவர்கள்மேல் அவளுக்குக் கோபம் வரவில்லை. ஒரு முறை நீதிமன்றத் தாழ்வாரத்தில் அவர்களில் ஒருவரைப் பார்த்தாள். மடியில் சாப்பாட்டு டப்பாவை வைத்துக்கொண்டு, யாராவது தன் வரிசை எண்ணைக் கூப்பிட மாட்டார்களா என்று கதவையே பார்த்துக்கொண்டிருந்தார். அந்த இடத்தில் நாம் உட்கார்ந்திருந்தால் நாமும் இதைத்தான் செய்திருப்போம் என்று அவளுக்குத் தோன்றியது.

வழக்கு கிணற்றில் போட்ட கல்லாகக் கிடந்தது. கிடக்கட்டும் என்றுதான் எல்லோரும் இருந்தார்கள். திடீரென்று போன மாதம் ஒரு நீதிபதி அதைத் தூக்கி மேலே போட்டார். பல்கலைக்கழகத்தின் தகுதி ஒப்பீட்டுக் குழு இரண்டு பாடத்திட்டங்களையும் ஒப்பிட்டுச் சொல்ல வேண்டும், அது சொல்வதே முடிவு, அதற்கு மேல் யாரும் இங்கே வந்து நிற்கக் கூடாது என்று உத்தரவாகிவிட்டது.

"பத்துத் தாள் மேடம்" என்றார் வக்கீல். தொண்டைக்காக எந்நேரமும் வாயில் ஒரு மிட்டாயை ஒதுக்கிவைத்திருப்பவர். நல்ல செய்திக்கு அது வலது கன்னத்தில் இருக்கும், கெட்ட செய்திக்கு இடது கன்னத்துக்குப் போகும். அன்றைக்கு இடது கன்னம் புடைத்திருந்தது. "அதுல ஏழு தாள் பொருந்தணும். எழுபது சதவீதம். உங்களுக்கு ஆறு சுத்தமா பொருந்துது. மூணு சுத்தமா பொருந்தல. பத்தாவது ஒண்ணுதான் இழுபறி."

நாட்டில் எதையெதையோ சதவீதம் போட்டுப் பார்க்கிறார்கள். ஒருத்தி வாத்தியாரா இல்லையா என்பதையும் அப்படியே தீர்த்துவிடலாம் என்று யாரோ ஒரு புண்ணியவானுக்குத் தோன்றியிருக்கிறது. ஒன்பது வருடத்தில் அவள் கையில் கணக்குப் படித்துப்போன பிள்ளைகளில் எத்தனை சதவீதம் பொருந்தினார்கள் என்று எந்தக் குழுவும் கேட்கவில்லை.

"எது சார் பத்தாவது?"

வக்கீல் மூக்குக்கண்ணாடியை ஏற்றிக்கொண்டு படித்தார். "வானவியல். ஏன் மேடம், கணக்குப் படிக்கப் போனவங்க இதை எதுக்கு எடுத்தீங்க?"

டீச்சருக்கு முகம் சிவந்துவிட்டது. அதற்கான பதிலை ஒரு வக்கீலிடம் சொல்ல முடியாது. இந்த உலகத்தில் ஒரே ஒருத்தியிடம்தான் சொல்ல முடியும். அவளுக்குத்தான் அது ஏற்கெனவே தெரியும்.

அந்தக் கல்லூரியில் ஒரு வழக்கம் இருந்தது. மூன்றாம் வருடம் விருப்பப் பாடம் ஒன்று உண்டு. புள்ளியியல் அல்லது வானவியல். பெயர்தான் விருப்பப் பாடம். இரண்டையும் நடத்துவதற்கு ஒரே ஒரு ஆசிரியர் இருந்ததால், வகுப்பு முழுக்க ஒரே விருப்பம்தான் விரும்ப வேண்டும். வருடத்தின் முதல் வாரம், மதியச் சாப்பாட்டுக்குப் பின், கை தூக்கச் சொல்லி எண்ணுவார்கள். எந்தப் பக்கம் கை அதிகமோ அதைத்தான் எல்லோரும் படிக்க வேண்டும். அந்த வருடம் வகுப்பில் பதினோரு பெண்கள். புள்ளியியலுக்கு ஐந்து கை. வானவியலுக்கும் ஐந்து கை. பதினோராவது கைக்கு உரியவள் மேஜைமேல் கன்னத்தை வைத்து, வாய் லேசாகத் திறந்திருக்க, நல்ல தூக்கத்தில் இருந்தாள்.

விழித்தபோது தன் வலது கை அந்தரத்தில் நிற்பதைப் பார்த்தாள். முழங்கைக்குக் கீழே ஒரு சின்னக் கை அதைத் தாங்கிப் பிடித்திருந்தது. பக்கத்தில் உட்கார்ந்திருந்த தோழியின் கை. பேச்சும் அசைவும் கொத்திக் கொத்தி எடுப்பதுபோல இருக்கும் என்பதால் அவளுக்குக் குருவி என்று பெயர். "ஆறு. வானவியல்" என்று ஆசிரியர் கரும்பலகையில் எழுதிவிட்டார்.

அப்படி விதி முடிவானது. முடிவான விதி ரொம்ப அழகாக இருந்தது என்பதுதான் கொடுமை. மத்தியானம் இரண்டு மணி வகுப்பு. ஆசிரியர் ஜன்னல் திரைகளை இழுத்துவிடுவார். அறை பழுப்பு நிறத்துக்குப் போகும். அவர் தன் கறுப்புக் குடையை விரித்து, அதன் உட்பக்கத்தில் சாக்பீஸால் புள்ளிகள் வைத்து, பிடியைச் சாய்த்து மெல்லச் சுழற்றுவார். வெளியே சுட்டெரிக்கும் வெயில், உள்ளே தலைக்கு மேல் ஒரு முழு ராத்திரி வானம் சுற்றிக்கொண்டிருக்கும். அந்த ஒரு வருடம் முழுக்க, அந்த ஒரு வகுப்பில் மட்டும், அவள் தூங்கவே இல்லை.

வக்கீலைப் பார்த்த அன்று மாலை அவள் குருவிக்குப் போன் செய்தாள். குருவி இப்போது தையல் கடை வைத்திருக்கிறாள். பின்னால் இரண்டு மிஷின்கள் ஓடும் சத்தம் கேட்டது.

"ஏண்டி அன்னிக்கு என் கையைத் தூக்கின?"

எந்த அன்றைக்கு என்று குருவி கேட்கவில்லை. மிஷின்களில் ஒன்று நின்றது. "என்னடி ஆச்சு?"

சொன்னாள். ஏழு, ஆறு, பத்தாவது தாள், குழு, எல்லாம். புள்ளியியலாக இருந்திருந்தால் கண்ணை மூடிக்கொண்டு ஏழு வந்திருக்கும் என்பதையும் சொன்னாள். வேலை போனால் லென்ஸ் தேய்க்கிற சம்பளத்தில் குடும்பத்தை ஓட்ட முடியாது என்பதைச் சொல்லவில்லை. குருவிக்கு அது தெரியாதா என்ன.

"நான் புள்ளியியலுக்குத்தான் கை தூக்கினேன், தெரியுமா" என்றாள் குருவி. "அதுதான் எனக்கு ஈஸி. ஆனா உன்னைப் பாத்தேன். எந்நேரமும் ஜன்னலுக்கு வெளியவே பாத்துட்டிருக்கிறவ. முழிச்சிருந்தா நீ எதைக் கேப்பேன்னு எனக்குத் தெரியாதா? அதான் தூக்கினேன்." பிறகு குரல் இறங்கிவிட்டது. "உன் வேலையவே தூக்கிட்டேன் போலிருக்கேடி. என்னை மன்னிச்சிடு."

"போடி லூசு" என்றாள் டீச்சர். அழுதாள். அந்தப் பக்கமும் அழுகைதான். நடுவில் வாடிக்கையாளர் ஒருத்தி வந்து ரவிக்கை தைத்தாயிற்றா என்று கேட்டது தெளிவாகக் காதில் விழுந்தது.

குழு கூடிய நாளில் காலையிலிருந்தே தூறல். "போய்ட்டு வா. அங்கயாச்சும் தூங்காம இரு" என்று வீட்டுக்காரர் வழியனுப்பினார். சிரித்துக்கொண்டேதான் சொன்னார், ஆனால் காலையில் அவர் ஒரே கண்ணாடியை மூன்று முறை துடைத்ததை அவள் கவனித்திருந்தாள்.

பல்கலைக்கழகத்தின் அந்தக் கட்டடத்தில் அறை எண்கள் வரிசையாக இல்லை. பதினான்குக்குப் பக்கத்தில் முப்பத்தொன்பது, அதற்கு எதிரே ஆறு. எண்களைப் பிழைப்பாகக் கொண்டவளுக்கு அது கண்ணைக் கட்டிக் காட்டில் விட்டதுபோல இருந்தது. தாழ்வாரம் முடிகிற இடம் என்று நினைத்தால் இன்னொரு தாழ்வாரம் திரும்பியது. எங்கோ ஒரு தட்டச்சு சத்தம். எங்கோ தண்ணீர் சொட்டும் சத்தம். தரையெல்லாம் மழை வெளிச்சம். கடைசியில் ஒரு பெஞ்சில் உட்காரச் சொன்னார்கள். உட்கார்ந்தாள். பிறகென்ன, கண் சொருகிவிட்டது.

கனவில் பரீட்சை ஹால். ஐம்பத்திரண்டு மேஜையிலும் அவளே உட்கார்ந்திருக்கிறாள். எட்டாவது 'சி' பிள்ளைகள் கண்காணிப்பாளர்களாக நடந்துகொண்டிருக்கிறார்கள். வகுப்புத் தலைவி அவள் பக்கத்தில் வந்து குனிந்து, "டீச்சர், பேர் எழுதிட்டீங்களா" என்று கேட்கிறாள். எழுதப் போனால் பேர் ஞாபகம் வரவில்லை. அது பயமாகக்கூட இல்லை. தாள் வெள்ளையாக, குளிர்ச்சியாக, படுத்துக்கொள்ளலாம்போல இருக்கிறது.

"மேடம், கூப்பிடுறாங்க" என்று அலுவலக உதவியாளர் பெஞ்சைத் தட்டினார்.

உள்ளே மூன்று பேர். நடுவில் தலைவர், ஓய்வுபெற்ற பேராசிரியர், பஞ்சுபோலத் தலை. வலப்பக்கம் புள்ளியியல் பேராசிரியை. இடப்பக்கம் பச்சைப் பேனாவோடு பிரிவு அலுவலர். மேஜைமேல் இரண்டு பாடத்திட்டப் புத்தகங்கள் விரிந்து கிடந்தன. பக்கத்தில் ஓர் ஒப்பீட்டுப் பட்டியல், அதில் ஆறு டிக், மூன்று பெருக்கல் குறி. பத்தாவது கட்டம் காலி. அந்தக் காலிக் கட்டத்தைப் பார்த்ததும்தான் டீச்சருக்கு முழுசாக விழிப்பு வந்தது.

"புள்ளியியல் எடுத்திருந்தா இவ்வளவு பிரச்சினையே இல்லையே" என்றார் பேராசிரியை, குறையாக இல்லை, ஆதங்கமாக. "ஏன் எடுக்கல?"

"தூங்கிட்டேன் மேடம்."

மூவரும் சிரித்துவிட்டார்கள். நடந்ததை அவள் சொன்னதும் இன்னும் சிரித்தார்கள். அறை கொஞ்சம் இளகியது. தலைவர் நாற்காலியில் சாய்ந்துகொண்டார். "சரி, அந்தத் தாள்ல என்னதான் படிச்சீங்க? ஞாபகம் இருக்கா?"

டீச்சர் சுற்றுமுற்றும் பார்த்தாள். மூலையில் ஒரு கறுப்புக் குடை ஈரம் சொட்டச் சாய்ந்திருந்தது. "இது யாரோடது?"

"என்னோடதுதான்" என்றார் தலைவர்.

கேட்டுவிட்டுத்தான் எடுத்தாளா, எடுத்துவிட்டுக் கேட்டாளா என்று பிற்பாடு அவளுக்கே ஞாபகமில்லை. விரித்தாள். கைப்பையில் எப்போதும் சாக்பீஸ் துண்டுகள் கிடக்கும். ஒன்றைத் துழாவி எடுத்து, நனையாத உட்பக்கத்தில் புள்ளி வைத்தாள். குடையைப் பிரிவு அலுவலர் கையில் கொடுத்து, "இப்படிச் சாய்ச்சுப் பிடிங்க சார். மெதுவா சுத்துங்க" என்றாள். வகுப்பில் பேசும் குரல் தானாக வந்துவிட்டது. அவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டுச் சுற்றினார். "கம்பி எந்தப் பக்கம் போகுதோ அங்க துருவ நட்சத்திரம். அது நகராது. மத்ததெல்லாம் அதைச் சுத்தி வரும். அடிவானத்துலேருந்து அது எத்தனை டிகிரி உயரத்துல தெரியுதோ, அத்தனாவது அட்சரேகையில நீங்க நிக்கிறீங்கன்னு அர்த்தம். கப்பல்ல போறவனுக்கு வேற ஒண்ணும் வேண்டாம்."

மழை வெளிச்சத்தில் அந்தப் புள்ளிகள் சுற்றின. மூன்று பேரும் தலையை அண்ணாந்து குடைக்குள் பார்த்தார்கள். மேஜை, புத்தகங்கள், பச்சைப் பேனா எல்லாம் எங்கோ தூரத்துக்குப் போய்விட்டன.

"ஒரு சந்தேகம்" என்றார் பேராசிரியை. வகுப்பில் கை தூக்குவதுபோல விரல் லேசாக உயர்ந்தது. "ஒரே நட்சத்திரம் தினமும் நாலு நிமிஷம் முன்னாடியே உதிக்குதுன்னு சொல்றாங்களே, அது ஏன்?"

"பூமி தன்னைத்தானே ஒரு சுத்து சுத்தினா நட்சத்திரம் பழைய இடத்துக்கு வந்துடும் மேடம். சூரியனுக்கு அது பத்தாது. ஏன்னா அந்த ஒரு நாள்ல பூமி சூரியனைச் சுத்தியும் கொஞ்சம் நகந்துடுது. எவ்வளவு நகருது? முன்னூத்தி அறுபது டிகிரியை முன்னூத்தி அறுபத்தஞ்சு நாளால வகுங்க."

"ஒண்ணுக்குக் கொஞ்சம் கம்மி" என்றார் பிரிவு அலுவலர், குடையைச் சுற்றிக்கொண்டே.

"ஒண்ணுன்னே வெச்சுக்குங்க. இருபத்துநாலு மணி நேரத்துல முன்னூத்தி அறுபது டிகிரி திரும்புற பூமிக்கு, அந்த ஒரு டிகிரி கூடுதலாத் திரும்ப எவ்வளவு நேரம் ஆகும்?"

"நாலு நிமிஷம்." அவர் முகத்தில் எட்டாவது 'சி'யின் சிரிப்பு அப்படியே வந்தது. சரியான விடை எந்த வயதிலும் முகத்தை ஒரே மாதிரிதான் ஆக்கும்.

"அவ்வளவுதான் சார். இது கணக்கு இல்லன்னா வேற எது கணக்கு?"

பத்து நிமிடம் வெளியே இருக்கச் சொன்னார்கள். இந்த முறை அவளுக்குத் தூக்கம் வரவில்லை. உள்ளே பேசும் குரல்கள் மட்டும் கேட்டன, வார்த்தை புரியவில்லை. ஜெயித்துவிட்டோம் என்றே நினைத்தாள். சந்தோஷம் மெதுவாக, பாத்திரத்தில் தண்ணீர் ஏறுவதுபோல ஏறியது. குருவிக்கு முதலில் சொல்ல வேண்டும், அப்புறம்தான் வீட்டுக்காரருக்கு என்றுகூட முடிவு செய்துவிட்டாள்.

கூப்பிட்டு, பட்டியலின் பிரதி ஒன்றைக் கொடுத்துக் கையெழுத்து வாங்கிக்கொண்டார்கள். பத்தாவது கட்டத்தில் பச்சை மையில் பெருக்கல் குறி. கீழே, 'பொருந்தாது'.

"பாடத்திட்டப் புத்தகத்துல இந்தத் தாளை அறிவியல் தலைப்புக்குக் கீழ போட்டிருக்காங்கம்மா" என்றார் தலைவர். அவர் குரலில் நிஜமான வருத்தம் இருந்தது. "தலைப்பைத் தாண்டிப் போக எங்களுக்கு அதிகாரம் இல்ல. உள்ள என்ன இருக்குன்னு பாத்து எழுதணும்னா சட்டமே வேற மாதிரி இருக்கணும்." பேராசிரியை ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிரிவு அலுவலர் பேனாவை மூடிவிட்டார்.

டீச்சர் தாழ்வாரத்துக்கு வந்தாள். எந்தப் பக்கம் வந்தோம் என்று தெரியவில்லை. முப்பத்தொன்பதா, ஆறா. கால் தரையில் பாவவில்லை. கையில் இருந்த தாள் கனவில் வந்த தாளைப் போலவே குளிர்ச்சியாக இருந்தது. ஒன்பது வருடம் தினமும் நின்ற இடத்தில் இனி இன்னொருவர் நிற்பார். சாப்பாட்டு டப்பாவோடு உட்கார்ந்திருந்தவராகக்கூட இருக்கலாம். அவர் நல்லபடியாகச் சொல்லிக்கொடுக்கட்டும் என்று நினைக்கப் பார்த்தாள். முடியவில்லை.

"ஒரு நிமிஷம்மா."

தலைவர்தான். வேகமாக நடந்துவந்ததில் மூச்சு வாங்கியது. பின்னால் யாராவது வருகிறார்களா என்று ஒரு முறை திரும்பிப் பார்த்துக்கொண்டார்.

"தப்பா எடுத்துக்காதீங்க. என் பேத்தி எட்டாவது படிக்கிறா. கணக்குன்னா காய்ச்சலே வந்துடும் அவளுக்கு. மூணு பேரை வெச்சுப் பாத்துட்டோம், ஒருத்தரும் சரியில்ல. நீங்க இன்னிக்குச் சொன்னீங்க பாருங்க, அந்த மாதிரி ஒருத்தர் சொல்லிக்கொடுத்தா அவ பிடிச்சுக்குவா. வாரத்துல ரெண்டு நாள் வீட்டுக்கு வர முடியுமா?"

பெஞ்சில் பார்த்த கனவு இன்னும் முடியவில்லையோ என்று டீச்சருக்குச் சந்தேகம் வந்தது. தாளைப் பார்த்தாள். பச்சை மை அப்படியேதான் இருந்தது.

"இப்பத்தானே சார், பொருந்தாதுன்னு எழுதிக் கையெழுத்துப் போட்டீங்க."

"அது ஃபைலுக்கும்மா. இது புள்ளைக்கு."

கிண்டலாகச் சொல்லியிருந்தால் தாங்கியிருப்பாள். அவர் பெருந்தன்மையாகச் சொன்னார். பெரிய பாராட்டு ஒன்றைக் கொடுத்துவிட்டு அதற்கான நன்றிக்குக் காத்திருப்பவர்போல நின்றார். இத்தனை வருடத்தில் முதல்முறையாக டீச்சர் எங்கும் மிதக்காமல், இரண்டு காலும் தரையில் ஊன்றி, ஒரு மனிதரை நேருக்கு நேர் பார்த்தாள். அவளுக்கு அவ்வளவு கோபம்.

"எட்டாவதுன்னா நல்லதாப் போச்சு சார்" என்றாள். குரல் ஒழுங்காகவே வந்தது. "நானும் எட்டாவதுக்குத்தான் எடுக்கிறேன். கோர்ட் ஆர்டர் வந்துசேர எப்படியும் மூணு வாரம் ஆகும். அதுவரைக்கும் நான் அங்கதான் இருப்பேன். நாளைக்குக் காலையில ஒன்பதேகாலுக்குப் பேத்தியைக் கூட்டிட்டு வந்து எங்க பள்ளிக்கூடத்துல சேத்துடுங்க. அம்பத்திரெண்டு பேர் உக்காந்திருக்காங்க, அம்பத்திமூணாவதா இவளும் உக்காரட்டும்."

தலைவர் முதலில் சிரித்தார். அவள் சிரிக்கவில்லை என்பதைப் பார்த்து நிறுத்திக்கொண்டார்.

"அது கவர்மென்ட் ஸ்கூலாச்சேம்மா" என்றார் மெதுவாக, அது அவளுக்குத் தெரியாததுபோல.